அரிதாரம் கலைத்த பிலிம்

ஊமைப்பட நடிகர்களின் முகங்கள் மாவு பூசிய பொம்மைபோல இருக்கும். அந்தக் கால ரசனை அப்படி என்று நினைத்துவிடுகிறோம். உண்மையில் அது பிலிம் செய்த வேலை. அன்று புழங்கிய ஆர்த்தோகுரோமாட்டிக் பிலிமில் நீலமும் பச்சையும் பதியும், சிவப்பு பதியாது. சிவந்த உதடு கறுப்பாக விழும். தோலுக்கடியில் ஓடும் ரத்தச் செம்மை கன்னத்தில் கரிய திட்டுகளாகத் தெரியும். அதை மறைக்கத்தான் அத்தனை அரிதாரம்.

சிவப்பையும் சேர்த்துப் பதியும் பான்குரோமாட்டிக் பிலிம் 1920களில் பரவலானது. டென்மார்க் இயக்குநர் கார்ல் டிரையர் அதை வைத்துப் பிரான்சில் எடுத்த படம்தான் 1928இல் வந்த 'ஜோன் ஆஃப் ஆர்க்கின் பாடுகள்'. பதினைந்தாம் நூற்றாண்டில் எரித்துக் கொல்லப்பட்ட ஜோனின் விசாரணையை, 1431ஆம் ஆண்டு நீதிமன்றப் பதிவேடுகளை ஆதாரமாகக் கொண்டு எடுத்தார். நடிகர் யாருக்கும் அரிதாரம் கிடையாது. பாரிஸ் நாடகமேடையில் நகைச்சுவை வேடங்களில் பேர்பெற்றிருந்த ஃபால்கொனெட்டிதான் ஜோன்.

கேமரா அவர் முகத்தை ஒட்டியே நிற்கிறது. வெடித்த உதடு, கண்ணிமையின் வீக்கம், கன்னத்தில் வழியத் தொடங்கித் தயங்கும் ஒரு துளி எல்லாம் தெரிகின்றன. விசாரிக்கும் பாதிரிகளின் முகத்திலோ மருவும் சுருக்கமும் வியர்வையும். எடுத்ததை அவ்வப்போது போட்டுப் பார்ப்பார்கள். பத்துத் துண்டுகளில் எங்கோ ஒரு நொடி நிஜமாக இருந்தால், டிரையரும் ஃபால்கொனெட்டியும் அந்த நொடியிலிருந்து தொடங்கி மறுபடி எடுப்பார்கள். பெரிய நடிகைதான், ஆனாலும் இந்தப் பொறுக்கியெடுக்கும் பொறுமைக்கே நான் அதிக மதிப்பெண் போடுவேன்.

அந்த ஒரு நொடி ஏன் அவ்வளவு அரிது? பிரெஞ்சு மருத்துவர் டுஷென் 1862இலேயே ஒரு விளக்கம் சொல்லியிருந்தார். வாயோரத் தசையை நினைத்தபோது இழுத்துச் சிரித்துவிடலாம். கண்ணைச் சுற்றிய தசை அப்படிச் சொன்னபடி கேட்காது. மனம் மலர்ந்தால்தான் அது சுருங்கும். அழுகைக்கும் அச்சத்துக்கும் இதேபோல் நம் கட்டளைக்கு எளிதில் பணியாத நுண்ணசைவுகள் உண்டு. அப்பிய பூச்சு இவற்றில் பலவற்றை மூடிவிடும். வெறும் தோல் காட்டிக்கொடுத்துவிடும்.

படத்தின் மூல நெகட்டிவ் 1928லேயே தீயில் அழிந்தது. தொலைந்ததாக நினைத்த முதல் வடிவத்தின் பிரதி ஒன்று, 1981இல் ஆஸ்லோ அருகே ஒரு மனநல மருத்துவமனையில் கிடைத்தது. இன்று நாம் பார்ப்பது அதைத்தான். ஊமைப்படம் என்பதால் பிரெஞ்சு தெரியாதவர்களும் தயங்க வேண்டியதில்லை. கைபேசியில் மட்டும் பார்க்காதீர்கள்; கிடைக்கும் பெரிய திரையில் பாருங்கள்.