பாடகரை மீட்ட பாடல்

கலைஞனை உலகம் மறப்பினும் அவன் கலை அவனைக் கைவிடாது என்பதற்கு மிசிசிப்பி ஜோன் ஹேர்ட் என்பாரின் வரலாறு சான்றாகும்.

ஐக்கிய அமெரிக்காவின் தென்பகுதியில், அடிமைத்தளை நீங்கியும் வறுமை நீங்காத கறுப்பின மக்களிடையே தோன்றியது 'புளூஸ்' என்னும் இசை. அம்மரபின் முன்னோருள் ஒருவரான ஹேர்ட், மிசிசிப்பி மாநிலத்து அவலோன் என்னும் சிற்றூரில் வாழ்ந்த உழவர். கிற்றாரைத் தாமே பயின்றவர். பெருவிரல் தாழ்சுரத் தந்திகளில் தாளம் தவறாது இயங்க, ஏனைய விரல்கள் உயர்சுரத் தந்திகளில் இன்னிசை எழுப்புவது அவர் முறை. குரலோ மென்மையானது, உரையாடுவது போன்றது.

1928ஆம் ஆண்டில் ஓக்கே நிறுவனத்தார் மெம்பிஸ், நியூயோர்க் ஆகிய நகரங்களில் அவர் பாடல்களை இசைத்தட்டுகளிற் பதித்தனர். அடுத்த ஆண்டிலே தொடங்கிய பொருளாதார வீழ்ச்சி இசைத்தட்டு வாணிகத்தைச் சிதைத்தது. ஹேர்ட் மீண்டும் உழவையே மேற்கொண்டார். 1952இல் ஹரி சிமித் தொகுத்த அமெரிக்க நாட்டார் பாடற்றொகுதியில் அவருடைய பாடல்கள் இரண்டு இடம்பெற்றன. ஆயினும், பாடியவர் எங்குளர் என்பதை இசை ஆர்வலர் அறிந்திலர்.

அவர் பாடலொன்றில் அவலோனே தம் ஊர் எனக் கூறியிருந்தார். அக்குறிப்பைத் துணைக்கொண்டு 1963இல் ரொம் ஹொஸ்கின்ஸ் என்பார் அவரைத் தேடிக் கண்டார். விரல்களின் திறன் குன்றியிருக்கவில்லை. அவ்வாண்டே நியூபோட் இசைவிழாவில் பாடிய ஹேர்ட், 1966இல் மறைந்தார். அவருடைய விரல்முறையைக் கிற்றார் பயில்வோர் இன்றும் கற்கின்றனர்.

அவர் பெயர் நிலைத்தது, தட்டொன்று எஞ்சியதனால். தட்டிற் பதியாது மறைந்த குரல்கள் எத்தனையோ! கலையைப் போற்றுதல் மட்டும் போதாது. காலத்தே பதிந்து பேணுதலும் கற்றோர் கடனாகும்.