ருக்மிணி, உருப்பிணி, ருக்குமணி: ஒரு பெண்பெயரின் வடிவ வரலாறு

புணே நகரிலிருந்து லோணாவளா நோக்கிச் செல்லும் இருப்புப்பாதையில் தேஹு ரோடு என்னும் நிலையம் அமைந்துள்ளது. படைக்கலக் கிடங்கைச் சுற்றி வளர்ந்த கண்டோன்மெண்ட் நகரம் அது. அங்குக் குடியேறிய தமிழர் சில தலைமுறைகளாக வாழ்ந்து வருகின்றனர். நிலையத்திற்குப் பெயர் தந்த தேஹு என்னும் ஊர் சற்று வடக்கே இந்திராயணி ஆற்றங்கரையில் உள்ளது. மராட்டியப் பக்திக் கவிஞர் துக்காராம் பிறந்த ஊர் அதுவே. இந்தச் சிறு நிலப்பரப்பில் ஒரு பெண்பெயர் மூன்று வடிவங்களில் வழங்கக் காணலாம். தேஹுக் கோயிலில் விட்டலருடன் நிற்பவள் ரகுமாயி. தேவநாகரியில் எழுதப்படும் பதிவேடுகளில் அப்பெயர் ருக்மிணி. தமிழ் வீடுகளில் அது ருக்குமணி, அழைக்கும்போது ருக்கு.

இம்மூன்றனுள் ருக்மிணி என்பதே திருத்தமான வடிவம் என்றும், ருக்குமணி, ருக்மணி ஆகியவை கொச்சை என்றும் கருதும் போக்குப் பரவலாக உள்ளது. பள்ளியில் சேர்க்கும்போதே பெயரைத் ‘திருத்தி’ எழுதிவிடுவதும் உண்டு. பிறப்புச் சான்றில் ஒரு வடிவமும் பள்ளிச் சான்றில் மற்றொரு வடிவமும் அமைந்துவிட்டால், பின்னர் ஓய்வூதியத்திற்கோ கடவுச்சீட்டிற்கோ இரண்டும் ஒருவரே என்று உறுதிமொழி ஆவணம் அளிக்க வேண்டிய நிலை ஏற்படுகிறது. ஆகவே எது பிழை, எது பிழையன்று என்னும் வினா ஏட்டளவில் நின்றுவிடுவதன்று. பெயரின் வரலாற்றை நோக்கினால், கொச்சை எனப்படும் வடிவம் தமிழ் ஒலியமைப்பின் முறையான விளைவே என்பது புலனாகும்.

பெயரின் அமைப்பும் பொருளும்

ஒளிர்தல் என்னும் பொருளுடைய ‘ருச்’ என்னும் வடமொழி வேரிலிருந்து ‘ருக்ம’ என்னும் சொல் பிறந்தது. இருக்கு வேதத்தில் அது மார்பில் அணியும் பொன்னணியைக் குறிக்கிறது; மருத்துக்கள் என்னும் தேவர் கூட்டத்தார் இவ்வணி பூண்டவராகப் பேசப்படுகின்றனர். பின்னர் அச்சொல் பொன்னுக்கே பெயராயிற்று. ஏகாதசி நோன்புக் கதையில் வரும் ருக்மாங்கதன் பெயரிலும் இச்சொல்லே உள்ளது; பொன்தோள்வளை அணிந்தவன் என்பது அதன் பொருள். உடைமைப் பொருள் தரும் ‘இன்’ விகுதி சேர்ந்தால் ருக்மின். அது ருக்மிணியின் தமையன் பெயர். அதன் பெண்பால் வடிவம் ருக்மிணி, அதாவது பொன்னணி உடையவள். தமிழில் பொன்னி, பொன்னம்மாள், தங்கம்மாள் ஆகியவை பொருளால் இதற்கு உறவுடைய பெயர்கள்.

இங்கு ஒரு சிறு செய்தி கருதத்தக்கது. இதே விகுதியால் அமைந்த பத்மினி என்னும் பெயரில் வருவது றன்னகரம். ருக்மிணியில் வருவது டண்ணகரம். ரகரத்திற்குப் பின்வரும் நகரம், இடையே உயிரும் ககர, பகர வருக்கங்களும் நின்றாலும், ணகரமாகத் திரியும் என்பது பாணினி கூறும் விதி. பத்மினியில் ரகரம் இல்லாமையால் அத்திரிபு இல்லை. வடமொழிப் புணர்ச்சியில் நேர்ந்த இந்த ணகரமே, பின்னர்த் தமிழில் இப்பெயரின் போக்கை உறுதி செய்தது.

தமிழில் இரு வருகைகள்

இப்பெயர் தமிழுக்கு ஒருமுறை அன்று, இருமுறை வந்தது. முதலில் வந்தது பிராகிருத வழியாக. பிராகிருதத்தில் ‘க்ம’ என்னும் மெய்ம்மயக்கம் ‘ப்ப’ எனத் திரியும். ருக்மிணி ‘ருப்பிணி’ ஆகும். ஹேமசந்திரரின் பிராகிருத இலக்கணம் இதனைக் குறிக்கிறது. ரகரம் தமிழில் மொழிமுதல் வாராது. அதன்முன் அகர, இகர, உகரக் குறில்களுள் ஒன்று தோன்றும் என்பது நன்னூல் கூறும் விதி. அரங்கம், இராமன் என்பவை போல இங்கு உகரம் தோன்ற, ‘உருப்பிணி’ என்னும் வடிவம் கிடைக்கிறது. பெரியாழ்வார் ஆளும் வடிவம் இதுவே. அவர் தமையனையும் ‘உருப்பன்’ என்றே குறிக்கிறார். இரு பெயரும் ஒரே ஒலித்திரிபுக்கு உட்பட்டிருத்தலின், இது செய்யுள் நோக்கிய தற்செயலான மாற்றம் அன்று என்பது தெளிவு.

வெள்ளியைக் குறிக்கும் ‘ரூப்ய’ என்னும் சொல்லும் பிராகிருதத்தில் ‘ருப்ப’ என்றே ஆயிற்று. ரூபாய் என்னும் சொல்லுக்கு மூலம் இந்த ரூப்யமே. ஆகப் பொன்னைக் குறித்த சொல்லும் வெள்ளியைக் குறித்த சொல்லும் அம்மொழியில் ஒலியால் ஒன்றாகிவிட்டன.

உருப்பிணி என்னும் வடிவம் மக்கட் பெயராகத் தமிழில் நிலைபெறவில்லை. இதற்குப் பிராகிருதத் தொடர்பு குன்றியமை முதற்காரணமாகலாம். உரு, பிணி எனப் பிரித்துக் கேட்கும் தமிழ்ச் செவிக்கு அது குழந்தைக்கு இடத்தக்க பெயராகத் தோன்றியிராது என்று கருதவும் இடமுண்டு. இன்று அவ்வடிவம் நாலாயிரம் ஓதப்படும் இடங்களில்தான் ஒலிக்கிறது.

இரண்டாம் வருகை வடமொழியிலிருந்து நேரே நிகழ்ந்தது. தமிழில் ககர மெய்யை அடுத்துக் ககரமே வரும், மகரம் வாராது. இத்தகைய மயக்கத்தைத் தமிழ் இருவகையில் தீர்த்துக்கொள்கிறது. பக்தி ‘பத்தி’ ஆவது ஒருவகை. பக்வம் ‘பக்குவம்’ ஆவது மற்றொரு வகை. இரண்டாம் முறையில் ககரம் இரட்டித்து உகரம் இடையில் தோன்ற, ‘உருக்குமிணி’, ‘ருக்குமிணி’ என்னும் வடிவங்கள் உண்டாயின.

இதற்கு அடுத்த படிதான் சுவையானது. வடமொழியில் இப்பெயரின் பிரிப்பு ருக்ம், இணி என்பதாகும். இப்பிரிப்பு தமிழ் பேசுவோர்க்குப் புலப்படாது. இடையில் உகரம் வந்தபின் ருக்கு, மிணி என்னும் புதிய பிரிப்பு இயல்பாக அமைந்தது. மிணிக்குத் தமிழில் பொருளில்லை, மணிக்கு உண்டு. கண்மணி, பொன்மணி, தங்கமணி, நாகமணி எனப் பெண்பெயர்களில் மணி ஈறு பெருவழக்கு. எனவே மிணி மணியாயிற்று. இதனை மக்கள் வழக்குச் சொற்பிறப்பு எனலாம். ருக்கு என்னும் சுருக்கம் இப்புதிய பிரிப்புக்குச் சான்று. இந்தியிலும் ருக்மணி என்னும் வடிவம் வழங்குகிறது என்பது உண்மையே. ஆனால் அங்கு அது உயிரொலி நெகிழ்ச்சி அளவில் நிற்கிறது. தமிழில் அது பெயரின் பொருளையே புதுக்கிவிட்டது. பத்மினி ‘பத்மணி’ ஆகாமைக்கு அதன் னகரமே காரணம். ருக்மம் பொன் ஆதலின், ருக்குமணி பொன்மணி என்னும் பெயருக்கு இணையாக அமைந்துவிட்டது. அவ்வாறு அமைத்தவர் அதனை அறிந்திருக்கவில்லை.

ரகுமாயி

மராட்டியும் இவ்வாறே செய்தது. அங்கும் மெய்ம்மயக்கம் உகரத்தால் பிரிந்தது. ககரம் மூச்சொலி பெற்றது. முதலெழுத்தின் உகரம் அகரமாயிற்று. பொருள் புலப்படாத ஈற்றின் இடத்தில் தாயைக் குறிக்கும் ‘ஆயி’ வந்து சேர்ந்தது. 13ஆம் நூற்றாண்டில் ஞானேசுவரர் தம் பாடல்களின் முத்திரையில் விட்டலரை ரகுமாதேவியின் கணவர் என்றே குறித்தார். துக்காராமின் முதல் மனைவியின் பெயரும் ரக்மாபாய். 1630ஐ ஒட்டிய தக்காணப் பஞ்சத்தில் அவர் மறைந்தார் என்பது மரபுவழிச் செய்தி. தஞ்சை மராட்டியர் ஆட்சியோடு (1676–1855) அபங்கப் பாடல்கள் தமிழ்நாட்டுப் பஜனை மரபில் கலந்தன. எனினும் ரகுமாயி தமிழரின் இயற்பெயர் ஆகவில்லை. தமிழ் எழுத்தில் அது ரகுவின் பெயரோடு மயங்கவும் செய்கிறது.

பெயர் சுமந்த கதை

பாகவதத்தின் பத்தாம் கந்தத்தில் விதர்ப்ப இளவரசி ருக்மிணி, தமையன் தேர்ந்த சிசுபாலனை மறுத்துக் கண்ணனுக்கு ஓர் அந்தணர் வாயிலாகச் செய்தி விடுக்கிறாள். தெலுங்கு நாட்டில் 15ஆம் நூற்றாண்டில் போத்தனர் பாடிய ருக்மிணி கல்யாணப் பகுதியை, நல்ல மணவாழ்வு வேண்டும் கன்னியர் ஓதும் வழக்கம் உண்டு. தானே துணையைத் தேர்ந்த பெண்ணின் பெயரை, பெற்றோர் தேர்வுக்கு உட்பட்டு மணம் புரிந்த எத்தனையோ பெண்கள் தாங்கினர் என்பது எண்ணத்தக்கது. மும்பையில் ருக்மாபாய் (1864–1955) தம் இளமையில் நடத்தி வைக்கப்பட்ட திருமணத்தை ஏற்க மறுத்தார். கணவருடன் வாழ வேண்டும், இன்றேல் சிறை என்னும் 1887ஆம் ஆண்டுத் தீர்ப்பிற்குச் சிறையே மேல் என்றார். 1888இல் வழக்கு உடன்பாட்டில் முடிந்தது. பின்னர் அவர் லண்டனில் மருத்துவம் பயின்று சூரத்திலும் ராஜ்கோட்டிலும் பணியாற்றினார். 1891ஆம் ஆண்டு இசைவு வயதுச் சட்டத்தின் பின்னணியில் இவ்வழக்கும் உண்டு.

தமிழ்நாட்டில் உப்புச் சத்தியாகிரகத்தில் சிறை சென்ற ருக்மிணி லட்சுமிபதி (1892–1951), கலாக்ஷேத்திராவை 1936இல் நிறுவிய ருக்மிணி தேவி அருண்டேல் (1904–1986) ஆகியோர் இப்பெயரைப் பொதுவாழ்வில் நிறுத்தினர். இவ்விருவர் பெயரையும் தமிழ் நூல்களும் இதழ்களும் ருக்மிணி என்றும் ருக்மணி என்றும் எழுதி வந்துள்ளன.

பெயரகராதி தொகுப்போர் ருக்குமணியை ‘ருக்மிணி காண்க’ என்னும் குறிப்போடு விட்டுவிடாமல் தனித் தலைச்சொல்லாகக் கொள்ளுதல் வேண்டும். மூலச்சொல்லைப் பிறப்பு விளக்கத்தில் தந்தால் போதும். பதிவேடு எழுதுவோர், தேஹு ரோடு போன்ற பன்மொழி ஊர்களில் பணிபுரிவோர் சிறப்பாக, வீட்டார் சொல்லும் வடிவத்தையே முதலில் தமிழில் எழுதி வாங்கி, அதனைத் தேவநாகரியில் ‘ருக்குமணி’ என்றே எழுத்துப்பெயர்ப்புச் செய்யலாம். தேவநாகரியில் அதற்கு எவ்வகை இடர்ப்பாடும் இல்லை.