மூலைமட்டமும் கவராயமும்: வெள்ளையர் சாத்திய கதவைத் தட்டிய பார்சி

மும்பை வி.டி. ஸ்டேஷனில் இறங்கி ஸ்டெர்லிங் தியேட்டர் பக்கமாக ஆபீசுக்கு நடக்கிற தமிழர்கள் ஏராளம். தியேட்டருக்கு அருகில் உள்ள பழைய காலத்துக் கட்டடம் என்ன என்று கேட்டால் பலர் உதட்டைப் பிதுக்குவார்கள். அது பிரீமேசன்களின் கூடம். இப்படிப்பட்ட கட்டடங்களுக்கு வடநாட்டு ஜனங்கள் வைத்த பெயர் 'ஜாதூ கர்'. மந்திர வீடு என்று அர்த்தம். கூட்டம் நடக்கும்போது வாசலில் வாளோடு ஒருவர் காவல் நிற்பார். உள்ளே போனவர்கள் வெளியே வந்து வாய் திறக்க மாட்டார்கள். ஜனங்கள் வேறென்ன பெயர்தான் வைப்பார்கள்?

உள்ளே மந்திரமும் இல்லை, மாயமும் இல்லை. கல்தச்சர்களின் சங்கப் பழக்கங்களை எடுத்துக்கொண்டு கனவான்கள் அமைத்துக்கொண்ட சகோதர சங்கம் அது. 1717-ல் லண்டனில் நான்கு கிளைகள் ஒரு சாராயக் கடையில் கூடி மகா சபை அமைத்தன. கிளைக்கு 'லாட்ஜ்' என்று பெயர். (தங்கும் லாட்ஜோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.) மூலைமட்டமும் கவராயமும் சின்னம். ரசமட்டம் எதற்கு என்றால், உள்ளே வந்தவர் எல்லாரும் ஒரே மட்டம் என்பதற்கு.

மூன்று படிகள்

புதிதாகச் சேருகிறவரின் கண்ணைக் கட்டி, கையில் காசு, உலோகம் எதுவும் இல்லாமல் அழைத்துப் போவார்கள். ராஜாவானாலும் அந்த நேரத்தில் ஏழைதான். முதல் படி 'அப்ரெண்டிஸ்', இரண்டாவது 'ஃபெலோ கிராஃப்ட்', மூன்றாவது 'மாஸ்டர் மேசன்'. அதற்கு மேல் 33 படிகள் வரை ஏறுகிற தனிப்பிரிவும் உண்டு. லாட்ஜின் தலைவர் 'வொர்ஷிப்ஃபுல் மாஸ்டர்'. அவருக்குக் கீழே இரண்டு வார்டன்கள், செயலாளர், பொருளாளர் என்று வரிசை போகும். தலைவர் பதவி வழக்கமாக ஒரு வருஷத்துக்குத்தான். பிறகு அடுத்தவருக்கு நாற்காலியை விட்டுவிட வேண்டும்.

சேருவதுதான் கஷ்டம். உறுப்பினர் ஒருவர் முன்மொழிய வேண்டும், இன்னொருவர் வழிமொழிய வேண்டும். பிறகு பெட்டிக்குள் உருண்டை போடுவார்கள். வெள்ளை என்றால் சம்மதம். கறுப்பு விழுந்தால் போச்சு. போட்டவர் யார் என்று கேட்க முடியாது. ஒரே மட்டம் என்று சொல்லும் சங்கத்தில் யாரை வெளியே நிறுத்துவது என்பதை இந்தக் கறுப்பு உருண்டை தீர்மானித்தது.

பாரிஸ் போய் வந்தும்...

நவாப்களுக்குக் கதவு சீக்கிரமே திறந்தது. ஆற்காட்டு நவாபின் மகன் உம்தத்-உல்-உமராவை 1775-ல் நம் திருச்சிராப்பள்ளியிலேயே சேர்த்துக்கொண்டார்கள். அவருக்கு லண்டனிலிருந்து மரியாதையாக மேலங்கி மடிப்புத் துணியும் கடிதமும் கப்பலேறி வந்தன.

பம்பாயில் மானக்ஜி கர்செட்ஜி என்ற பார்சிக் கனவானுக்கு அந்த மரியாதை கிடைக்கவில்லை. ஆங்கிலம் படித்தவர், பெரிய மனிதர்களோடு பழகியவர். இருந்தும் பம்பாய் வெள்ளையர் லாட்ஜ் அவரைச் சேர்க்கவில்லை. மனிதர் சும்மா இருக்கவில்லை. ஐரோப்பா போனார். பாரிஸில் ஒரு லாட்ஜில் சேர்ந்து, முறைப்படி மேசனாகத் திரும்பி வந்தார். அப்போதும் பம்பாயில் கதவு திறக்கவில்லை. சகோதரன் என்று பாரிஸ் ஒப்புக்கொண்டவனைப் பம்பாய் ஒப்புக்கொள்ளவில்லை!

இந்த அநியாயத்தைப் பார்த்தவர் ஜேம்ஸ் பர்ன்ஸ் என்ற ஸ்காட்லாந்து டாக்டர். மேற்கிந்தியாவில் ஸ்காட்லாந்துப் பிரிவின் தலைவர் அவர். இந்தியர்களுக்கென்றே 1843 டிசம்பரில் 'ரைசிங் ஸ்டார் ஆஃப் வெஸ்டர்ன் இந்தியா' என்ற லாட்ஜைத் தொடங்கி வைத்தார். பார்சிகளும் முஸ்லிம்களும் சேர்ந்தார்கள். அவரவர் வேதத்தின் மீது கை வைத்துப் பிரமாணம் செய்தார்கள். பழைய லாட்ஜைத் திறக்கச் சொல்லாமல் பக்கத்தில் புதிது கட்டிக் கொடுத்தது பாதி நியாயம்தான். ஆனாலும் அந்தக் காலத்தில் அதுவே பெரிது.

கல்கத்தாவில் இதைவிட மோசம். ஆசியர் யாரையும் மேலதிகாரியின் அனுமதி இல்லாமல் சேர்க்கக் கூடாது என்று விதியே போட்டிருந்தார்கள். பிரசன்ன குமார் தத் என்ற இந்து 1863-ல் மனுச் செய்தார். பல தெய்வம் கும்பிடுகிறவர் ஒரே கடவுளை எப்படி நம்புவார் என்று ஆட்சேபம் கிளப்பினார்கள். தத் விடவில்லை. ஒன்பது வருஷம் எழுத்து, வாதம், மேல்மனு. 1872-ல் 'ஆங்கர் அண்ட் ஹோப்' லாட்ஜில் நுழைந்தார். அதே லாட்ஜில் 1884-ல் நரேந்திரநாத் தத்தர் என்ற இளைஞரும் சேர்ந்தார். அவர்தான் பின்னாளில் சுவாமி விவேகானந்தர்.

ரயில்வேக்காரர்களுக்கும் இதில் இடமுண்டு. லாகூரில் 1886-ல் மேசனான கிப்ளிங், தன் லாட்ஜைப் பற்றி ஒரு பாட்டு எழுதினார். அதில் ஸ்டேஷன் மாஸ்டரும், கணக்கரும், ஷெட் ஃபிட்டரும், யூதரும், சீக்கியரும் ஒன்றாக உட்காருகிறார்கள். வெளியே சலாம், உள்ளே சகோதரன். ஆனால் விருந்து மட்டும் கிடையாது. யாருடைய ஜாதியாவது கெட்டுவிடுமே! கறுப்பு உருண்டை வெள்ளைக்காரன் கையில் மட்டும் இருக்கவில்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு, 1961 நவம்பர் 24-ந் தேதி டில்லியில் இந்தியாவுக்கென்று தனி மகா சபை அமைந்தது. முதல் தலைவர் ராம்பூர் நவாப். பெண்களை அது சேர்ப்பதில்லை. பம்பாயில் 1863-ல் பெண் பிள்ளைகளுக்கு ஆங்கிலப் பள்ளிக்கூடம் தொடங்கியவரோ, அதே மானக்ஜி கர்செட்ஜிதான்.