உங்களுக்குத் தெரியுமா? லிண்டாவும் மட்டக்களப்புக் கோட்டையும்

லிண்டா என்பதை ஆங்கிலப் பெயர் என்றே பலரும் நினைக்கிறோம். ஸ்பானியத்திலும் போர்த்துக்கேயத்திலும் அதற்கு 'அழகானவள்' என்று பொருள். வேர் இன்னும் வேடிக்கை: 'முறைப்படியான' என்ற பொருளுடைய 'லெஜிதிமுஸ்' என்னும் லத்தீன் சொல்லே தேய்ந்து 'லிந்தோ' ஆகி, பிறகு அழகைக் குறிக்கத் தொடங்கியது. ஜெர்மானியப் பழம்பெயர்களில் வரும் 'லிண்ட்' தனி, அது மென்மை. ஆக, இந்தப் பெயருக்கு இரண்டு தாய்வீடு. 1947இல் அமெரிக்கப் பெண் குழந்தைகளுக்கு அதிகம் சூட்டப்பட்ட பெயரும் இதுதான்.

லிண்டாவை 'அழகானவள்' ஆக்கிய ஸ்பானிய மொழியின் ஸ்பெயின், மட்டக்களப்புக்கு அவ்வளவு தூரமில்லை. வாவி சூழ்ந்த புளியந்தீவில் 1628இல் போர்த்துக்கேயர் கோட்டை கட்டியபோது, அவர்களுக்கும் அரசர் ஸ்பெயினின் நான்காம் பிலிப்தான்! 1580 முதல் 1640 வரை இரு நாட்டுக்கும் மன்னர் ஒருவரே. பத்தே ஆண்டில், 1638இல், ஒல்லாந்தர் கோட்டையைப் பிடித்துவிட்டார்கள். மொழி மட்டும் கப்பலேறவில்லை. இங்குள்ள பறங்கியர் சிலரின் வீடுகளில் போர்த்துக்கேயக் கிரியோல் இன்னும் பேசப்படுகிறது. நம் கதிரை, அலுமாரி, குசினி எல்லாம் போர்த்துக்கேயர் தந்த சொற்களே. மேசையை ஸ்பானியரும் 'மேசா' என்றுதான் சொல்கிறார்கள்.