640 ரூபாய்க்கு 8 இறால்: அதே டின்னரை வீட்டிலேயே செய்தால் எவ்வளவு ஆகும்?



டேக்ஸ், பிஎஃப், எஸ்ஐபின்னு பேசுற இடத்துல திடீர்னு இறால் எங்கிருந்து வந்துச்சுன்னு கேட்பீங்க. காரணம் இருக்கு.

கொஞ்ச நாள் முன்னாடி அப்பா, அம்மா, மனைவின்னு நாலு பேரும் ஒரு ரெஸ்டாரன்ட் போயிருந்தோம். சீஸ் போட்டு பேக் பண்ண இறால் ரெண்டு பிளேட் சொன்னோம். பிளேட் வந்ததும் அப்பா மெனு கார்டை மறுபடி எடுத்துப் பார்த்தார். அப்புறம் ஸ்பூனால சீஸை விலக்கி எண்ண ஆரம்பிச்சுட்டார். "ஏம்பா, எட்டுதான் இருக்கு. ஒண்ணு எண்பது ரூபாயா?" அவர் தட்டுல வெச்சது ரெண்டு. அதுலயும் ஒண்ணை அம்மாவுக்குத் தள்ளிட்டார். "எனக்குப் பசியில்ல"ன்னு சொன்னார். வீட்டுக்கு வந்து ரசம் சாதம் சாப்பிட்டார்.

ரிட்டயர் ஆன மனுஷன். பையன் சம்பாதிச்ச காசு கரையுதேன்னு அவருக்குத் தொண்டையில இறங்கல. அப்பாவை சந்தோஷப்படுத்தக் கூட்டிட்டுப் போய் பட்டினி போட்டுத் திருப்பிக் கூட்டிட்டு வந்தேன். அன்னைக்கு ராத்திரி அந்த பில்லை எடுத்து வெச்சு உட்கார்ந்தேன். ஆடிட்டர் புத்தி வேற எங்க போகும்?

முதல்ல அந்த பில்லைப் பிரிப்போம்

- சீஸ் பேக்டு இறால் 2 பிளேட்: 1,280
- கார்லிக் பிரெட் 2: 440
- சூப் 2: 280
- லைம் சோடா 4: 480
- மொத்தம்: 2,480
- சர்வீஸ் சார்ஜ் 10%: 248
- ஜிஎஸ்டி 5%: 136.40
- கட்டியது: 2,864 ரூபாய்

இதுல கவனிக்க வேண்டியது ரெண்டு. சர்வீஸ் சார்ஜ் வரி கிடையாது. அது ஓட்டலுக்குப் போற பணம். அதைக் கட்டாயமா வசூலிக்கக் கூடாதுன்னு மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022-லயே சொன்னது. 2025 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. "எடுத்துடுங்க"ன்னு மரியாதையா கேட்க உங்களுக்கு உரிமை இருக்கு. அன்னைக்கு நான் கேட்கல. அப்பா முன்னாடி பில்லுக்குப் பேரம் பேசக் கூச்சம். ரெண்டாவது, அந்த 248 மேலயும் ஜிஎஸ்டி விழுந்திருக்கு பாருங்க.

சரி, இதே டின்னரை வீட்டுல செஞ்சா? இங்கதான் பலர் கணக்குல தப்பு பண்றாங்க.

கிலோ விலையைப் பார்த்து ஏமாறாதீங்க

நான் வாங்கினது வெனாமி இறால், கிலோ 480 ரூபாய். 2009-ல இந்தியாவுல வளர்க்க அனுமதி கிடைச்ச பண்ணை வகை இது. ஏப்ரல் 15-ல இருந்து ஜூன் 14 வரைக்கும் நம்ம கடற்கரையில 61 நாள் மீன்பிடித் தடை இருக்கும்போது கடல் இறால் விலை ஏறும். குளத்துல வளர்ற வெனாமி அப்பவும் வந்துகிட்டு இருக்கும்.

தலை, ஓடு எல்லாம் எடுத்து சுத்தம் பண்ண 50 ரூபாய் கொடுத்தேன். வீட்டுக்கு வந்து தராசுல வெச்சா 520 கிராம். அதாவது நான் 530 ரூபாய் கொடுத்து வாங்கினது அரைக் கிலோவுக்குக் கொஞ்சம் மேல. சாப்பிடக்கூடிய இறாலோட உண்மையான விலை:

530 ÷ 0.52 = கிலோவுக்கு சுமார் 1,019 ரூபாய்.

இப்போ ஃப்ரோசன் பாக்கெட்டைப் பாருங்க. சுத்தம் பண்ணது, 250 கிராம் 280 ரூபாய். "கிலோ 1,120 ஆச்சே, பரவாயில்லையே"ன்னு தோணும். ஒரு தடவை வாங்கி ஐஸ் முழுசா உருகவிட்டு எடை போட்டேன், 210 கிராம்தான் இருந்தது. கிலோவுக்கு 1,333 ரூபாய். ரெண்டு பேர் மட்டும் இருக்கிற வீடு, மார்க்கெட் போக நேரமில்லைன்னா அதுவும் சரிதான். ஆனா ஒப்பிடும்போது சாப்பிடுற எடைக்கு என்ன விலைன்னு பாருங்க. சம்பளத்துல சிடிசியை விட்டுட்டு கைக்கு வர்றதைப் பார்க்கிற மாதிரிதான் இதுவும். ஆஃபர் லெட்டர்ல இருக்கிறது தலையோட இருக்கிற இறால்!

இன்னொரு விஷயம், கவுன்ட். 40 கவுன்ட்னா ஒரு கிலோவுல ஏறக்குறைய 40 இறால். எண் குறையக் குறைய இறால் பெருசு, விலையும் ஜாஸ்தி. சீஸுக்கு அடியில போகப்போற இறாலுக்கு 20 கவுன்ட் தேவையே இல்ல. 40 அல்லது 50 போதும்.

சீஸ் வாங்கும்போது பின்பக்கம் படிங்க

நமக்கு வேண்டியது மொசரெல்லா. சாதாரண பிராசஸ்டு சீஸ் உருகும், ஆனா அந்த நூல் மாதிரி இழுபடுற சமாச்சாரம் வராது. பாக்கெட்டோட பின்பக்கத்துல பால், உப்பு, என்சைம் இருந்தா சீஸ். பால் கொழுப்புக்குப் பதிலா தாவர எண்ணெய்ன்னு இருந்தா அது சீஸ் மாதிரி ஒண்ணு. விலை குறைவா இருக்கிறதுக்குக் காரணமும் அதுதான்.

2025 செப்டம்பர் 22-ல இருந்து சீஸ், வெண்ணெய் ரெண்டுக்கும் ஜிஎஸ்டி 12%-ல இருந்து 5% ஆச்சு. மார்க்கெட்ல வாங்குற பிரெஷ் இறாலுக்கு ஜிஎஸ்டியே கிடையாது.

நாலு பேருக்கான செலவு

- இறால் 1 கிலோ (40 கவுன்ட்), சுத்தம் பண்ணும் கூலியோடு: 530
- மொசரெல்லா 120 கிராம்: 78
- வெண்ணெய் 40 கிராம்: 24
- பூண்டு 12 பல்: 8
- தக்காளி 3, வெங்காயம் 1: 15
- மிளகு, சில்லி ஃபிளேக்ஸ், எலுமிச்சை, கொத்தமல்லி: 15
- பிரெட் ஒரு பாக்கெட்: 45
- கரண்ட்: 5
- மொத்தம்: 720 ரூபாய்

கரண்ட் 5 ரூபாய் எப்படின்னா, 1,500 வாட் ஓடிஜி 25 நிமிஷம் ஓடினா 0.625 யூனிட். யூனிட்டுக்கு 8 ரூபாய் வெச்சாலும் 5 ரூபாய்தான்.

நியாயமா ஒப்பிடணும்னா தக்காளி சூப்பும் எலுமிச்சை ஜூஸும் சேர்க்கணும். அதுக்கு ஒரு 80 போட்டுக்குவோம். மொத்தம் 800. ஆளுக்கு 200 ரூபாய், ஆளுக்கு 10 இறால். ரெஸ்டாரன்ட்ல நாலு பேருக்கும் சேர்த்தே 16தான்!

செய்முறை (45 நிமிஷம்)

1. இறாலைக் கழுவி, முதுகுல இருக்கிற கருப்பு நரம்பு போயிடுச்சான்னு பாருங்க. அப்புறம் துணியால ஒத்தி ஈரத்தை நல்லா எடுங்க. இந்த ஸ்டெப்பை விட்டீங்கன்னா கடைசியில சீஸ் தண்ணியில மிதக்கும். நான் முதல் தடவை அப்படித்தான் கோட்டை விட்டேன்.

2. உப்பு, மிளகுத்தூள் மட்டும் போட்டுப் பத்து நிமிஷம் வைங்க. எலுமிச்சையை இப்பவே பிழியாதீங்க, இறால் ரப்பர் மாதிரி ஆயிடும்.

3. வெண்ணெயில பொடியா நறுக்கின பூண்டை லேசா வதக்குங்க. வெங்காயம், தக்காளி, சில்லி ஃபிளேக்ஸ் சேர்த்து தண்ணி முழுசா சுண்டுற வரைக்கும் கிளறுங்க. தொக்கு பதம்.

4. அடுப்புல வைக்கக்கூடிய கண்ணாடி அல்லது அலுமினியத் தட்டுல இறாலை ஒரே அடுக்கா பரப்புங்க. ஒண்ணு மேல ஒண்ணு வேண்டாம். மேல தொக்கு, அதுக்கு மேல துருவின சீஸ். ரெண்டு பிரெட்டை மிக்ஸியில ஒரு சுத்து சுத்தி அந்தத் தூளையும் தூவுங்க.

5. ஓடிஜியை 200 டிகிரியில 10 நிமிஷம் முன்கூட்டியே சூடு பண்ணி, தட்டை உள்ள வெச்சு 12 நிமிஷம். இறால் வெள்ளையும் ரோஸுமா மாறி ஆங்கில 'சி' மாதிரி வளைஞ்சிருந்தா சரியான பதம். 'ஓ' மாதிரி சுருண்டுட்டா நேரம் ஜாஸ்தி.

6. வெளியே எடுத்து மூணு நிமிஷம் விட்டு, எலுமிச்சை பிழிஞ்சு, கொத்தமல்லி தூவி, மீதி பிரெட்டை டோஸ்ட் பண்ணிப் பரிமாறுங்க.

விருந்தாளி யாராவது வந்தா இறால் அலர்ஜி இருக்கான்னு முன்னாடியே கேட்டுடுங்க. அந்த ஆஸ்பத்திரி பில்லுக்கு என்கிட்ட கணக்கு கிடையாது.

"ஓடிஜி இல்லையே சார்?"

இதுக்காக மட்டும் வாங்காதீங்க. அடி கனமான கடாயில இதே மாதிரி அடுக்கி, இறுக்கமா மூடி, சின்ன தீயில 8-9 நிமிஷம் வெச்சா போதும். மேல பொன்னிறம் வராது, சீஸ் அழகா உருகும். ருசியில பெரிய வித்தியாசம் இல்ல.

6,000 ரூபாய்க்கு ஓடிஜி வாங்கினா எத்தனை டின்னர்ல காசு திரும்பும்? ஒரு டின்னருக்கு மிச்சம் 2,864 – 800 = 2,064. அப்போ மூணு டின்னர். ஆனா இந்த மூணுக்குள்ள ஒரு பெரிய ஓட்டை இருக்கு.

எதுக்குப் பதிலா சமைக்கிறீங்க?

ரெஸ்டாரன்ட் போறதுக்கு அல்லது ஆப்ல ஆர்டர் பண்றதுக்குப் பதிலா இதைச் செஞ்சா 2,064 மிச்சம். வழக்கமா அன்னைக்கு வீட்டுல சாம்பார், உருளைக்கிழங்கு பொரியல்னு 150 ரூபாய்ல முடியற நாள்ல இதைச் செஞ்சா? 650 ரூபாய் எக்ஸ்ட்ரா செலவு. அதே டிஷ், அதே விலை, ஆனா ஒண்ணுல மிச்சம், இன்னொண்ணுல செலவு. "வீட்டுல சமைச்சா சேமிப்பு"ன்னு பொத்தாம்பொதுவா சொல்றதை நம்பாதீங்க.

"என் நேரத்துக்கு மதிப்பு இல்லையா?"ன்னு கமென்ட்ல கேட்பீங்க. சனிக்கிழமை சாயங்காலம் அந்த ஒரு மணி நேரத்துல உங்களுக்கு யாராவது சம்பளம் தர்றாங்களா? தந்தா கழிச்சுக்கோங்க. ரீல்ஸ் பார்த்துட்டு இருந்தா கழிக்காதீங்க.

மூணாவது, ரொம்ப முக்கியம். அந்த 2,064 உங்க சேலரி அக்கவுன்ட்லயே கிடந்தா, மாசக் கடைசிக்குள்ள வேற ஏதாவது ஒரு வழியில போயிடும். சாப்பிட்டுக் கை கழுவினதும் 2,000 ரூபாயை வேற சேமிப்புக் கணக்குக்கு மாத்திடுங்க. மாசம் ஒரு தடவை பண்ணா வருஷத்துக்கு 24,000. எமர்ஜென்சி ஃபண்ட் இன்னும் ஆரம்பிக்காதவங்களுக்கு இது நல்ல தொடக்கம்.

வெளிய சாப்பிடவே கூடாதுன்னு நான் சொல்ல மாட்டேன். நானும் என் மனைவியும் இப்பவும் போறோம். பில்லைப் பார்த்தா சாப்பாடு இறங்காதவங்களைக் கூட்டிட்டுப் போறது மட்டும் நிறுத்திட்டேன்.

கடைசியா

வீட்டுல செஞ்ச அன்னைக்கு அப்பா தட்டைப் பார்த்தார். பழக்கம் போகுமா, எண்ணினார். "எனக்குப் பத்து வந்திருக்கு. உங்க எல்லாருக்கும் இருக்கா?" இருக்குன்னேன். "மொத்தம் எவ்வளவு ஆச்சு?" சொன்னேன். ஒண்ணும் பேசல. பத்தும் காலி. பிரெட்டால தட்டை வழிச்சு எடுத்துட்டு, "அடுத்த தடவை சீஸ் கொஞ்சம் கம்மி பண்ணுப்பா, நாப்பது ரூபா மிச்சமாகும்"னார்.

அடுத்த தடவைன்னு அவர் சொன்னதே எனக்குப் போதும்.

இந்த சனிக்கிழமை ட்ரை பண்ணுங்க. உங்க ஊர்ல இறால் கிலோ என்ன விலை, சுத்தம் பண்ண பிறகு எத்தனை கிராம் வந்துச்சுன்னு எடை போட்டு கமென்ட்ல எழுதுங்க. அடுத்த வீடியோவுல ஊர் வாரியா ஒரு பட்டியல் போட்டுடலாம்.