ட்ரையகான்டனால்: ஒரு பெயரின் பொருளும் பிரயோகமும்

உரக்கடை அலமாரிகளில் ‘டானிக்’ என்ற பொதுப் பெயரால் விற்கப்படும் வளர்ச்சி ஊக்கிக் குப்பிகளில் ஒன்றை எடுத்துத் திருப்பிப் பார்த்தால், பெரிய எழுத்தில் பளபளக்கும் வியாபாரப் பெயருக்குக் கீழே, கண்ணைச் சுருக்கிக்கொண்டு படிக்க வேண்டிய பொடி எழுத்தில், ‘ட்ரையகான்டனால் 0.05% ஈ.சி.’ என்று ஒரு வரி அச்சிடப்பட்டிருப்பதைக் காணலாம். வாங்குகிற குடியானவரின் கவனமும் விற்கிற வியாபாரியின் வாக்கும் மேலேயுள்ள பெயரிலேயே நின்றுவிடுகின்றன. ஆனால் அந்தக் குப்பிக்குள் இருப்பது இன்னதென்று நேர்மையாகச் சொல்லும் சொல், உச்சரிப்பதற்கே கடினமாகத் தோன்றும் அந்த இரசாயனப் பெயர் ஒன்றுதான். அதைப் பதம் பதமாகப் பிரித்து, அதன் பொருள் என்ன, அது வழங்கும் இடங்கள் எவை, அதை அறிந்தவருக்கு விளையும் பிரயோஜனம் யாது என்று விசாரிப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பதங்களைப் பிரித்தால்

ட்ரையகான்டனால் என்ற சொல் மூன்று உறுப்புகளால் ஆனது. முதல் உறுப்பாகிய ‘ட்ரையகான்ட்’ என்பது, கிரேக்க மொழியில் முப்பது என்ற எண்ணைக் குறிக்கும் ‘ட்ரியாகோன்டா’ என்பதன் சுருக்கம். சமஸ்கிருதத்தில் முப்பதைக் குறிக்கும் ‘த்ரிம்சத்’ என்ற சொல்லும் இதுவும் ஒரே மூல பாஷையிலிருந்து கிளைத்தவையாதலால், செவிக்கு அந்நியமாகத் தோன்றும் இந்த எண் நமக்கு அத்தனை தூரத்து உறவன்று. அடுத்து வரும் ‘அன்’ என்ற சிறு அசை, முப்பது கார்பன் அணுக்களும் தமக்குள் ஒற்றைப் பிணைப்புகளாலேயே கோக்கப்பட்டிருக்கின்றன என்பதைத் தெரிவிப்பது. இரட்டைப் பிணைப்பு ஒன்றேனும் இருந்திருக்குமானால் இந்த அசை வேறாக மாறியிருக்கும். கடைசியில் நிற்கும் ‘ஆல்’ என்பது ஆல்கஹால் என்ற சொல்லின் வால். ஓர் ஆக்ஸிஜன் அணுவும் ஒரு ஹைட்ரஜன் அணுவும் சேர்ந்த ஹைட்ராக்ஸில் தொகுதி அந்தச் சங்கிலியோடு இணைந்திருக்கிறது என்பதற்கு அது அடையாளம். நூல்களில் இப்பெயருக்கு முன்னே ‘1’ என்ற இலக்கம் சேர்த்து எழுதப்படுவதும் உண்டு. அந்தத் தொகுதி சங்கிலியின் முதலாவது கார்பனில், அதாவது நுனியிலேயே, அமர்ந்திருக்கிறது என்பது அதன் தாத்பரியம்.

முப்பது கார்பன், கிளையற்ற நேர் சங்கிலி, பிணைப்புகள் யாவும் ஒற்றை, நுனியில் ஓர் ஆல்கஹால் தொகுதி என்ற இத்தனை செய்திகளையும் ஒரே சொல்லில் அடக்கிவிட்டபடியால், இரசாயனம் கற்ற ஒருவர், அந்தப் பதார்த்தத்தை ஒருமுறையும் பாராதவராயினும், பெயரைக் கேட்ட மாத்திரத்தில் அதன் வடிவத்தைக் காகிதத்தில் வரைந்துவிட முடியும். அது தண்ணீரில் கரையாது என்பதையும், சாதாரண உஷ்ணநிலையில் மெழுகைப் போன்ற வெண்ணிறத் திடப்பொருளாக இருக்கும் என்பதையும் அவர் ஊகித்துச் சொல்லிவிடலாம். நீரில் பால்போல் கலங்கும் அடர் திரவம் என்பதைச் சுட்டும் ‘ஈ.சி.’ என்ற குறிப்பின் காரணமும் இதுவே. நீரில் கரையாத சரக்கைத் தகுந்த கரைப்பானில் கரைத்து, நீரில் விட்டால் பிரியாமல் வெண்மையாகக் கலங்கி நிற்கும்படி ஒரு துணைப்பொருளையும் சேர்த்தால்தான், அதைத் தெளிப்பானில் ஊற்றித் தெளிக்க முடியும்.

பழைய பெயர்களின் குழப்பம்

இத்தகைய ஒழுங்கு எக்காலத்திலும் இருந்ததன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இரசாயன அறிஞர்கள், ஒரு பொருள் எங்கே கிடைத்ததோ அந்த இடத்தைக் கொண்டே அதற்குப் பெயர் சூட்டினார்கள். 1848-ஆம் ஆண்டில் பெஞ்சமின் பிராடி என்ற ஆங்கில விஞ்ஞானி தேன்மெழுகைச் சோதித்து, அதிலுள்ள பொருள் ஒன்றைப் பிரித்தெடுத்தபோது, தேனீயைக் குறிக்கும் ‘மெலிஸ்ஸா’ என்ற கிரேக்கச் சொல்லைக்கொண்டு அதற்கு மெலிஸ்ஸின் என்று நாமகரணம் செய்தார். அதுவே பின்னர் மெலிஸ்ஸில் ஆல்கஹால் ஆயிற்று. தேன்மெழுகின் மற்றொரு கூறுக்கு வழங்கிவந்த பெயரைத் தழுவி, அதே பொருளை மிரிஸில் ஆல்கஹால் என்று அழைத்தவர்களும் உண்டு. இருபத்தாறு கார்பன் கொண்ட மற்றொன்றுக்கு, மெழுகைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து ஸெரில் ஆல்கஹால் என்றும், பதினாறு கார்பன் கொண்ட ஒன்றுக்கு, திமிங்கிலத்தின் பெயரைத் தழுவி ஸெடில் ஆல்கஹால் என்றும் பெயர்கள் வழங்கின. இவை பிறந்த இடத்தைச் சொல்லின. பிறவியின் இயல்பைச் சொல்லவில்லை. ஆகவே ஒரே பொருள் இரண்டு பெயர்களோடு உலவியதும், பல பொருள்களின் கலவை ஒரே பெயரால் தூய பொருளைப்போல் மதிக்கப்பட்டதும் சாதாரணமாயின.

இந்தக் குறையைப் போக்கும் பொருட்டு, 1892-ல் பல நாட்டு இரசாயன அறிஞர்கள் ஜெனீவா நகரில் கூடி, கார்பன் சேர்மங்களுக்கு அவற்றின் அமைப்பைக்கொண்டே பெயரிடும் விதிகளை வகுத்தார்கள். 1919-ல் தோன்றிய சர்வதேச இரசாயன சங்கம் அந்தப் பணியைத் தொடர்ந்து நடத்தி வருகிறது. ஆனால், விதி பிறந்துவிட்டதனால் மட்டும் உண்மை பிறந்துவிடவில்லை. மெலிஸ்ஸில் ஆல்கஹாலில் உள்ள கார்பன்கள் முப்பதா, முப்பத்தொன்றா என்ற வழக்கு வெகுகாலம் தீராமலே இருந்தது. ஏனெனில் அடுத்தடுத்த நீளமுள்ள இந்த மெழுகு ஆல்கஹால்கள் ஏறக்குறைய ஒரே உஷ்ணத்தில் உருகுபவையாதலால், கலவை எது, தூயது எது என்று பிரித்தறிவது அரிதாயிருந்தது. 1930-களின் முற்பகுதியில், லண்டன் இம்பீரியல் கல்லூரியைச் சேர்ந்த சிப்னால் என்ற உயிர்வேதியியல் அறிஞரும் அவருடைய சகாக்களும், சங்கிலிகளின் நீளத்தை எக்ஸ்-கதிர்களால் அளந்து, முன்பு தூயவை என்று நம்பப்பட்ட பல மெழுகு ஆல்கஹால்கள் கலவைகளே என்று நிரூபித்தார்கள். 1933-ல் அவர்கள் தூய ட்ரையகான்டனாலைப் பிரித்தெடுத்தது தேன்மெழுகிலிருந்து அன்று. நம் நாட்டில் கறவை மாடுகளுக்குத் தீவனமாகப் பயிரிடப்படும் குதிரைமசால் இலையின் மெழுகிலிருந்தே.

இலையின் மேல் ஒரு போர்வை

நிலத்தில் வாழும் தாவரம் ஒவ்வொன்றும் தன் இலையின்மேல் மெல்லிய மெழுகுப் போர்வை ஒன்றைப் போர்த்திக்கொண்டு, உள்ளிருக்கும் ஈரம் வெயிலில் வீணாகாமல் காத்துக்கொள்கிறது. கரும்பின் கணுவுக்கருகே விரலால் தேய்த்தால் சாம்பல் பூத்தாற்போல் ஒட்டிக்கொள்ளும் வெண்பொடியும், முட்டைக்கோஸின் வெளியிலைகளில் காணப்படும் நீலம் பாய்ந்த மங்கலும் இந்த மெழுகே. தாமரை இலைமேல் தண்ணீர் ஒட்டாது உருள்வதற்குக் காரணமான நுண்ணிய மெழுகுக் குழல்களில் பெரும்பான்மையாக இருப்பவை நோனகோசேன்-டையால் வகைப் பொருள்கள். இருபத்தொன்பது கார்பன், இரண்டு ஆல்கஹால் தொகுதிகள் என்று அந்தப் பெயரும் தன் கதையைத் தானே சொல்லுகிறது.

இங்கே கவனிக்கத்தக்க ஒரு விசேஷம் உண்டு. தாவரம் இச்சங்கிலிகளைப் பின்னுகையில் இரண்டிரண்டு கார்பன்களாகவே கோத்துக்கொண்டு போகிறது. பதினாறு, பதினெட்டு என்ற நீளத்திலிருந்து தொடங்கி, இருபத்தாறு, இருபத்தெட்டு, முப்பது என்று சங்கிலி வளர்கிறது. ஆதலால் நுனியில் ஆல்கஹால் தொகுதி பெற்ற மெழுகுப் பொருள்களில் இரட்டைப்படை எண்களே மிகுந்து காணப்படுகின்றன. அந்தச் சங்கிலியே மற்றொரு வழியில் சென்று ஒரு கார்பனை இழந்து எளிய ஹைட்ரோகார்பனாக முடியும்போது, இருபத்தொன்பது, முப்பத்தொன்று என்ற ஒற்றைப்படை எண்கள் தோன்றுகின்றன. முட்டைக்கோஸ் மெழுகில் மிகுந்திருக்கும் நோனகோசேன் அவ்வாறு பிறந்ததே. பெயரிலுள்ள எண்ணைப் பார்த்த மாத்திரத்தில், செடி அதனை எந்த வழியில் சமைத்தது என்பதைக்கூட ஓரளவு ஊகித்துவிடலாம் என்பது வியக்கத்தக்கதன்றோ!

எண்ணில் தங்கிய குணம்

ட்ரையகான்டனால் என்ற பெயர் ஆராய்ச்சிக்கூடத்தை விட்டு வயலுக்கு வந்த வரலாறும் குதிரைமசாலோடே தொடர்புடையது. 1970-களில் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஸ்டான்லி ரீஸ், நறுக்கிய குதிரைமசால் வைக்கோலை விதை வரிசைகளுக்கருகே இட்டபோது, தக்காளி முதலிய பயிர்கள், அந்த வைக்கோலிலுள்ள சத்தைக்கொண்டு மட்டும் விளக்கக்கூடிய அளவுக்கு மேலாகச் செழித்தன என்று கண்டார். அந்த வைக்கோலின் சாரத்தைப் படிப்படியாகச் சுத்தி செய்து, இறுதியில் பளிங்காகக் கிடைத்த பொருள் ட்ரையகான்டனால் என்பதை அவரும் அவருடைய சகாக்களும் 1977-ல் ‘ஸயன்ஸ்’ பத்திரிகையில் வெளியிட்டார்கள். நாற்பத்துநான்கு ஆண்டுகளுக்கு முன் அதே செடியிலிருந்து சிப்னால் பிரித்தெடுத்த அதே பொருள், இப்போது வளர்ச்சி ஊக்கியாகப் புதிய புகழ் பெற்றது.

1979-ல் அதே குழுவினர் நிகழ்த்திய மற்றொரு பரிசோதனை, நம் விஷயத்துக்கு இன்றியமையாதது. பதினாறு முதல் முப்பத்திரண்டு வரை வெவ்வேறு நீளமுள்ள சங்கிலிகளையும், ஆல்கஹால் தொகுதி வேறிடத்தில் அமைந்த சங்கிலிகளையும் எடுத்துச் சோதித்தபோது, முப்பது கார்பனும் நுனியில் தொகுதியும் உடைய அந்த ஒன்றைத் தவிர மற்றவை பயனளிக்கவில்லை. அதற்கு மேலும் ஓர் அதிசயம்: இருபத்தெட்டு கார்பன் கொண்ட ஆக்டகோசனாலைச் சம அளவில் அதனுடன் கலந்தவுடன், ட்ரையகான்டனாலின் பயனும் தடைப்பட்டுவிட்டது. கண்ணுக்கு இரண்டும் ஒரே வெள்ளைப் பொடி; நிறத்தாலோ மணத்தாலோ ஒன்றையொன்று பிரித்தறிய இயலாது. இரண்டே கார்பன்களின் வேற்றுமை குணத்தையே மாற்றிவிடுகிறது. அந்த வேற்றுமையை வெளியிடுவது பெயரின் முதல் உறுப்பு மட்டுமே. பெயரில் நிற்கும் எண்ணும், அதன் முன்னே நிற்கும் ‘1’ என்ற இலக்கமும், பண்டிதர்களின் அலங்காரங்கள் என்று எண்ணுவோர்க்கு இப்பரிசோதனையைவிடத் தெளிவான பதில் வேண்டியதில்லை.

இத்தனையும் சொல்லியபின், நியாயம் கருதி மற்றொன்றையும் சொல்ல வேண்டும். பரிசோதனைச் சாலையில் கிடைத்த பலன் திறந்த வயலில் எப்போதும் அதே அளவில் கிட்டவில்லை. பருவம், மண், பயிரின் வயது, மருந்தின் தூய்மை, கலக்கிய முறை என்ற பல காரணங்களால் விளைவு மாறுபட்டே வந்திருக்கிறது. இந்தியாவில் பூச்சிமருந்துச் சட்டத்தின் கீழ் இது பதிவு பெற்று விற்பனையாவது உண்மையே. எனினும் இது உரமுமன்று, நோய்க்கு மருந்துமன்று.

எண் மறைந்த பெயர்கள்

இக்குடும்பத்துப் பெயர்களில் மற்றொன்று மருந்துக்கடைகளிலும் வழங்குகிறது. கரும்பு மெழுகிலிருந்து கியூபா நாட்டில் தயாரிக்கப்பட்டு, இரத்தத்திலுள்ள கொலஸ்டிராலைக் குறைக்கும் என்று 1990-களில் உலகெங்கும் விளம்பரம் பெற்ற ‘பாலிகோசனால்’ என்பதே அது. ‘கோசன்’ என்பது இருபதுகளைச் சேர்ந்த சங்கிலி என்பதற்கு அடையாளம். ‘பாலி’ என்பதற்குப் பல என்று பொருள். முதன்மையாக ஆக்டகோசனாலும், அதனுடன் ட்ரையகான்டனால் முதலிய வேறு சிலவும் கலந்த சரக்கு அது. ஒழுங்கான இரசாயனப் பெயரைப் போன்ற தோற்றத்தை அந்தச் சொல் பூண்டிருந்தாலும், எத்தனை கார்பன், எது எவ்வளவு என்ற கேள்விக்கு அதில் விடையில்லை. 2006-ல் ஜெர்மானிய மருத்துவர்கள் 143 நோயாளிகளை வைத்து, நாளொன்றுக்கு 10 மில்லிகிராம் முதல் 80 மில்லிகிராம் வரை கொடுத்துச் சோதித்தபோது, கொலஸ்டிராலைக் குறைப்பதில் அது வெறும் போலி மாத்திரையைவிட மேலாக இல்லை என்பது வெளிப்பட்டது. பெயரில் எண் மறைந்திருக்குமிடத்தில், வாங்குகிறவர் இரண்டு மடங்கு எச்சரிக்கையுடன் இருத்தல் நன்று.

ஒலியொற்றுமையால் விளையும் மயக்கமும் உண்டு. விதை நேர்த்திக்கு உதவும் ‘ட்ரைக்கோடெர்மா’ என்பது ஓர் உயிருள்ள பூஞ்சை. ‘ட்ரையசோபாஸ்’ என்பது 2020-ன் இறுதிவரை இந்தியாவில் விற்கப்பட்டு, பின்னர் தடைசெய்யப்பட்ட கொடிய பூச்சிக்கொல்லி விஷம். இவ்விரண்டின் பெயர்களும் செவிக்கு ட்ரையகான்டனாலோடு ஒத்து ஒலிப்பதனால், அவசரத்தில் வாய்மொழியாகக் கேட்டு வாங்குகிறவருக்கு ஒன்றுக்கு மற்றொன்று வந்து சேர இடமுண்டு. அப்படி மாறிவிட்டால் விளைவது பண நஷ்டம் மட்டுமாக இராது. ஆகையால், கடைக்குச் செல்கிறவர் வேண்டிய பெயரைத் தாளில் முழுமையாக எழுதிக்கொண்டு போவதும், குப்பியிலுள்ள பெயரை அதனோடு எழுத்துக்கு எழுத்து ஒத்துப் பார்ப்பதும் உசிதம்.

பெயரை அடுத்து நிற்கும் இலக்கத்தையும் விட்டுவிடக் கூடாது. 0.05 சதவீதம் என்றால், 250 மில்லி கொண்ட குப்பி ஒன்றில் இருக்கும் ட்ரையகான்டனால் சுமார் எட்டில் ஒரு பங்கு கிராம் என்று பொருள். மீதியனைத்தும் அதைத் தாங்கிவரும் திரவமே. மிகச் சொற்ப அளவிலேயே வேலை செய்யும் பொருளாதலால் இந்த அளவு தன்னளவில் குறைபாடன்று. ஆயினும், ஒரே பெயரும் ஒரே சதவீதமும் உடைய இரண்டு குப்பிகள் வெவ்வேறு வியாபாரப் பெயர்களோடு வெவ்வேறு விலைக்கு விற்கப்படுமானால், அந்த வேற்றுமைக்கு என்ன காரணம் என்று கேட்க வாங்குகிறவருக்குப் பூரண உரிமை உண்டு.

ஆகவே வாசகர்களுக்கு, முக்கியமாக உழவுத்தொழில் புரியும் அன்பர்களுக்கு, ஒரு வேண்டுகோள். அடுத்த முறை குப்பி ஒன்றைக் கையில் எடுக்கும்போது, மேலேயுள்ள பெரிய எழுத்தை விட்டுவிட்டு, கீழேயுள்ள பொடி எழுத்தைப் படியுங்கள். படிக்க இயலாவிடில், பள்ளியில் பயிலும் பிள்ளையையேனும் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். இரசாயனப் பெயரும் சதவீதமும் தெளிவாக அச்சிடப்படாத குப்பியை, எத்தனை மலிவாகக் கிடைத்தாலும், வாங்காமல் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.