ஏழு ஓட்டு

1993 செப்டம்பர் 16. கிழக்கு லண்டனில் தேம்ஸ் நதி மூன்று பக்கமும் வளைத்துக்கொண்டு ஓடும் ஐல் ஆஃப் டாக்ஸ் பகுதியில் ஒரு வார்டு இடைத்தேர்தல். வார்டின் பெயர் மில்வால். ஓட்டு எண்ணி முடித்தபோது பிரிட்டிஷ் தேசியக் கட்சியின் டெரெக் பீக்கனுக்கு 1,480, தொழிற்கட்சி வேட்பாளருக்கு 1,473. வெள்ளையர் அல்லாதவர்களை நாட்டைவிட்டே அனுப்ப வேண்டும் என்று பேசிவந்த கட்சிக்கு முதல் கவுன்சிலர் கிடைத்துவிட்டார். வித்தியாசம் வெறும் ஏழு ஓட்டு.

அந்த வார்டு அடங்கிய டவர் ஹேம்லெட்ஸ் கவுன்சிலின் தேர்தல் கதையைப் புரட்டினால், இந்த ஏழு ஓட்டு எங்கிருந்து வந்தது என்பது விளங்கும். 1980-இல் அங்கிருந்த கப்பல் துறைகள் மூடப்பட்டன. தலைமுறை தலைமுறையாகச் சுமை தூக்கிய குடும்பங்களுக்கு வேலை போயிற்று. அதே இடத்தில் 1991-இல் கேனரி வார்ஃப் கோபுரம் எழுந்து நின்றது. வங்கிகளுக்குக் கட்டடம் வந்ததே தவிர, உள்ளூர்ப் பிள்ளைகளுக்கு வாடகை வீடு வரவில்லை. கவுன்சில் குறைந்த வாடகைக்குத் தரும் வீட்டுக்காகக் காத்திருந்தவர்களிடம், வங்காள தேசத்திலிருந்து குடியேறியவர்களைக் காட்டி, "உன் வீட்டை வங்காளி வாங்கிக்கொண்டான்" என்று சொல்வது எளிதாக இருந்தது. 1986 முதல் கவுன்சிலை ஆண்ட லிபரல்காரர்களும், ஏற்கெனவே குடியிருப்பவர்களின் மகன், மகள்களுக்கே முன்னுரிமை என்று வீட்டு ஒதுக்கீட்டுத் திட்டம் போட்டிருந்தார்கள். வெறுப்புக்கு விதை போட்டது பீக்கனின் கட்சி மட்டுமல்ல. நாகரிகமான கட்சிகளும் அந்த நிலத்தை உழுது கொடுத்தன என்றே நான் சொல்வேன்.

இதே மண்ணில்தான் இன்னொரு விதமான தேர்தலும் நடந்தது. 1965-இல் பெத்னல் கிரீன், ஸ்டெப்னி, பாப்ளர் என்ற மூன்று பரோக்களை (நகராட்சிப் பகுதிகளை) சேர்த்து உருவானதுதான் டவர் ஹேம்லெட்ஸ். அதில் பாப்ளர், கூலித் தொழிலாளிகளின் ஊர். ஏழை நிவாரணம் வாங்கியவருக்கு ஓட்டுரிமை இல்லை என்ற பழைய விதியை 1918-ஆம் ஆண்டுச் சட்டம் நீக்கியது. மறுவருடமே பாப்ளரில் 42 இடங்களில் 39-ஐத் தொழிற்கட்சி பிடித்தது. அக்கட்சியின் ஜார்ஜ் லான்ஸ்பரி மேயரானார்.

அன்றைய முறைப்படி அந்தந்த பரோ தன் ஏழைகளைத் தானே தாங்க வேண்டும். பணக்கார வெஸ்ட்மின்ஸ்டரில் ஏழைகள் சொற்பம், வரி வருமானமோ ஏராளம். பாப்ளரில் நிலைமை தலைகீழ். இந்த நிலையில் லண்டன் முழுமைக்குமான காவல்துறைக்கும் குடிநீர் வாரியத்துக்கும் பாப்ளர் தன் பங்கைக் கட்ட வேண்டும் என்றார்கள். 1921-இல் கவுன்சிலர்கள் முடியாது என்று மறுத்துவிட்டார்கள். ஜூலை 29 அன்று பேண்டு வாத்தியம் முழங்க உயர் நீதிமன்றத்துக்கு ஊர்வலம் போனார்கள். செப்டம்பரில் 30 கவுன்சிலர்களைச் சிறையில் தள்ளினார்கள். ஆண்கள் பிரிக்ஸ்டனில், பெண்கள் ஹாலோவேயில். பெண்களில் நெல்லி கிரெசல் கர்ப்பிணி. கவுன்சில் கூட்டம் நின்றுபோகக் கூடாதே என்று பிரிக்ஸ்டன் சிறைக்குள்ளேயே கூட்டம் போட்டார்கள். ஹாலோவேயிலிருந்து பெண் கவுன்சிலர்களை அதற்காகக் காரில் அழைத்து வந்தார்கள். அக்டோபரில் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. பணக்கார பரோக்களும் ஏழைகளின் செலவில் பங்கேற்கும்படி சட்டமும் மாறியது. சிறை சென்றவர்களில் ஒருவரான மின்னி லான்ஸ்பரி 1922 ஜனவரி 1 அன்று இறந்தார். வயது 32. போ ரோட்டில் ஒரு சுவரில் அவர் நினைவாக வைத்த கடிகாரம் இருக்கிறது.

1978-க்கு வருவோம். மே 4, உள்ளூராட்சித் தேர்தல் நாள். நேஷனல் ஃப்ரண்ட் என்ற இனவெறிக் கட்சியும் அந்தப் பகுதியில் போட்டியிட்டது. அன்று மாலை வேலை முடிந்து வீடு திரும்பிக்கொண்டிருந்த அல்தாப் அலி என்ற வங்காள தேசத்துத் தையல் தொழிலாளியை வைட்சாப்பலில் குத்திக் கொன்றார்கள். சில நாள் கழித்து ஆயிரக்கணக்கானோர் அவரது சவப்பெட்டியின் பின்னால் பிரதமர் இல்லம் வரை நடந்தார்கள். அவர் விழுந்த இடத்துக்கு அருகிலுள்ள பூங்கா இன்று அவர் பெயரைத் தாங்கியிருக்கிறது. அந்த ஊர்வலத்தில் நடந்த தலைமுறைதான் பிறகு வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்க்கவும், வேட்பாளராக நிற்கவும் முன்வந்தது.

அதன் பலனை 1994 மே மாதத்தில் பார்க்கலாம். மில்வாலில் மறுபடி தேர்தல். பீக்கனுக்கு ஓட்டுக் குறைந்ததா? இல்லை, கூடியது. இடைத்தேர்தலில் 1,480 வாங்கியவர் இப்போது 2,041 வாங்கினார். ஆனாலும் தோற்றார். முந்தைய தேர்தலில் பாதிப் பேர்கூட வாக்குச்சாவடிக்கு வரவில்லை. இம்முறை ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கினர் வந்தார்கள். வார்டின் மூன்று இடங்களும் தொழிற்கட்சிக்கே. அவரைத் தோற்கடித்தவர்கள் மனம் மாறிய ஆதரவாளர்கள் அல்ல, இடைத்தேர்தலன்று வீட்டில் இருந்துவிட்டு இப்போது வந்தவர்கள்.

அதற்குப் பிறகும் டவர் ஹேம்லெட்ஸ் அமைதியாக இருந்துவிடவில்லை. 2010-இல் மக்கள் நேரடியாக மேயரைத் தேர்ந்தெடுக்கும் முறை வந்து, லுத்ஃபுர் ரஹ்மான் மேயரானார். 2014-இல் அவர் மறுபடி வென்றதை எதிர்த்து நான்கு வாக்காளர்கள் மனுப் போட்டார்கள். 2015 ஏப்ரலில் தேர்தல் நீதிமன்றம் முறைகேடு நடந்ததாகச் சொல்லித் தேர்தலை ரத்து செய்து, ஐந்து ஆண்டு அவர் போட்டியிடத் தடை விதித்தது. குற்றச்சாட்டுகளை அவர் மறுத்தார். தடை முடிந்தபின் 2022-இல் மக்கள் அவரையே மீண்டும் மேயராக்கினார்கள். நீதிமன்றத் தீர்ப்பு ஒருவிதம், வாக்காளர் தீர்ப்பு இன்னொருவிதம். இரண்டையும் சேர்த்துப் படிப்பதுதான் நியாயம்.

இதில் நம்மவர்களுக்கும் வேலை இருக்கிறது. காமன்வெல்த் நாட்டுக் குடிமக்கள், செல்லுபடியாகும் விசாவோடு இங்கிலாந்தில் வசித்தால், அங்கே ஓட்டுப் போடலாம். இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் படிக்கவோ வேலைக்கோ போனவர்களுக்கும் இந்த உரிமை உண்டு. இது தெரியாமலே வருடக் கணக்கில் இருப்பவர்கள் நிறைய. 2023 மே முதல் அங்கே வாக்குச்சாவடியில் படத்துடன் கூடிய அடையாள அட்டை கேட்கிறார்கள். காமன்வெல்த் நாட்டு பாஸ்போர்ட்டும் செல்லும். உங்கள் பிள்ளையோ உறவினரோ அங்கே இருந்தால், அடுத்த முறை போனில் பேசும்போது வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்த்தாயிற்றா என்று கேளுங்கள்.